ஹோட்டல் பூ

ஐந்தாவது ஆடும் ஹுனைஸுடைய வெங்காயத் தோட்டத்து வேலியோரமாகவே விழுந்து செத்தது. ஜும்ஆத் தொழுகை முடிந்து ஆண்கள் வீடு திரும்பிக்கொண்டிருந்த நேரம். ஸுஹைரா ஆடுகளை முன்னால் விட்டு, தலைமுக்காட்டை இழுத்து வாயை மூடிக்கொண்டு, கச்சான் காற்றில் பறந்த மணலுக்குக் கண்ணைச் சுருக்கியபடி பின்னால் நடந்துகொண்டிருந்தாள். தோட்டத்து மூலையில் கட்டியிருந்த நாய் குரைத்தது. ஆடுகள் மிரண்டு ஓடின. முப்பது நாற்பது அடிதான் ஓடியிருக்கும். சிவலைக் கிடாயின் முன்னங்கால்கள் மடிந்தன. மூக்கு மணலில் குத்த அப்படியே சரிந்தது. யாரோ கத்தி கொண்டுவர ஓடினார்கள். உயிர் போகுமுன் அறுத்தால் இறைச்சியாவது மிஞ்சும். கத்தி வந்து சேர்வதற்குள் அதன் கண் நிலைகுத்திவிட்டது.

முதல் ஆடு செத்தபோது அவள் அழுதாள். இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் தெருவில் நின்று கத்தினாள். நான்காவதைப் புதைத்த அன்று மண்வெட்டியைக் கழுவக்கூட இல்லாமல் படுத்துவிட்டாள். இந்த ஐந்தாவதுக்கு அழுகையும் வரவில்லை, ஆத்திரமும் வரவில்லை. கிடாயின் பக்கத்தில் மணலில் குந்திக்கொண்டு, மிச்ச ஆடுகளை யார் வீட்டுக்குச் சாய்த்துப் போவார்கள் என்று மட்டும் யோசித்தாள். எழும்பி நடக்கிற தெம்பு அவளிடம் இல்லை.

அவளுக்கு நாற்பத்தேழு வயது. தொண்ணூறில் வடக்கு முஸ்லிம்கள் ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டபோது, பன்னிரண்டு வயதில் மன்னாரிலிருந்து வள்ளத்தில் கற்பிட்டிக்கு வந்து இறங்கியவள். நுரைச்சோலைக்கு வடக்கே, கடலுக்கும் தார் ரோட்டுக்கும் இடையில், அப்படி வந்தவர்களின் வீடுகள் நாற்பது இருந்தன. கல்வீடு கட்டி, கரண்ட் எடுத்து, பிள்ளைகளைக் கட்டிக்கொடுத்துப் பேரப்பிள்ளைகளையும் கண்டாகிவிட்டது. ஆனாலும் ஊர்க்காரர்கள் வாயில் அந்த இடம் இன்னும் ‘கேம்ப்’தான். ஸுஹைராவின் ஒரே மகள் ஸஹ்னா புத்தளம் நகரத்தில் வாழ்க்கைப்பட்டிருந்தாள். புருஷன் ஃபைஸல், மேற்குக் கடல் கொந்தளிக்கும் மாதங்களில் மற்றவர்களோடு சேர்ந்து முல்லைத்தீவுப் பக்கம் மீன்பிடித் தொழிலுக்குப் போய்விடுவான். வைகாசி தொடக்கம் ஐப்பசி மட்டும் வீட்டில் அவளும் பதினாலு ஆடுகளும்தான்.

அந்த வருஷம் வைகாசிக்குப் பிறகு ஒரு துளி மழை இல்லை. புல் கருகி, பற்றைகள் கருகி, ஆடுகள் கிடுகு வேலியைக் கடித்துத் தின்னத் தொடங்கியிருந்தன. பச்சை என்று கண்ணுக்குத் தெரிந்தவை இரண்டுதான். ஒன்று, கிணற்றுத் தண்ணீர் பாய்ச்சி வளர்த்த வெங்காயத் தோட்டங்கள். மற்றது, கடற்கரை ஹோட்டலின் மதிலோரம். பட்டம் கட்டிக் கடலில் சறுக்கி விளையாட வந்த வெள்ளைக்காரர்களுக்காகக் கட்டிய ஹோட்டல் அது. கொரோனாவோடு மூடியதுதான், பிறகு திறக்கவே இல்லை. வாசல் வளைவில் அழகுக்கு வைத்த ஒரு பூக்கொடி, தண்ணீர் ஊற்ற ஆள் இல்லாத ஐந்து வருஷத்தில் கூரையில் ஏறி, தண்ணீர்த் தாங்கியை மூடி, தென்னைகளின் கழுத்துவரை போய், மதிலைத் தாண்டிப் பற்றைக்குள்ளும் இறங்கியிருந்தது. எந்த வெயிலுக்கும் அது வாடவில்லை. கத்தரிப்பூ நிறத்தில் புனல் புனலாகப் பூக்கும். கல்யாண வீட்டுக்காரர்கள் மாப்பிள்ளையையும் பெண்ணையும் அதன் முன்னால் நிறுத்திப் படம் பிடிப்பார்கள். ஊரில் அதை ஹோட்டல் பூ என்று சொல்வார்கள். ஸுஹைரா தினமும் காலையில் ஆடுகளை அந்தப் பக்கம்தான் விட்டாள்.

அவளுக்கும் ஹுனைஸுக்கும் இடையில் ஏற்கனவே ஒரு கசப்பு இருந்தது. ஹுனைஸ் அந்த மண்ணில் ஏழெட்டுத் தலைமுறை இருந்த குடும்பத்துக்காரர், கடுமையான உழைப்பாளி, பேச்சும் கடுமைதான். முந்தின வருஷம் அவளுடைய ஆடுகள் வேலி பிரித்து அவருடைய வெங்காய நாற்றுக்குள் புகுந்துவிட்டன. இரண்டைப் பிடித்துக் கிணற்றடியில் கட்டிவைத்திருந்தார். அவிழ்க்கப் போன அவளிடம், கேம்ப் ஆட்களுக்கு மற்றவன் காணிதான் மேய்ச்சல் தரை என்று நாலு பேர் கேட்கச் சொன்னார். ஒன்பது வருஷமாக அவர் தோட்டத்தில் களை பிடுங்கியவள் அவள். ஆட்டை அவிழ்த்துக்கொண்டு வந்தாள். மறுநாளும் களை பிடுங்கப் போனாள். ஆனால் அந்தச் சொல்லை மறக்கவில்லை.

அதனால்தான், மூன்றாவது ஆடு செத்த அன்று ஹுனைஸ் முதுகில் தாங்கி கட்டி வெங்காயத்துக்கு மருந்து அடித்ததைக் கண்டதும் அவள் மனம் முடிவு கட்டிவிட்டது. எல்லா ஆடும் அவர் வேலியோரமாகவே விழுகின்றன, அவரிடம் மருந்து இருக்கிறது, அவருக்கு ஆட்டின் மீது கோபமும் இருக்கிறது. வேறென்ன வேண்டும்? வேலியடியில் கிடந்த வெறும் மருந்துப் போத்தலைப் பையில் போட்டுக்கொண்டு பொலிசுக்குப் போனாள். முறைப்பாட்டை எழுதிக்கொண்டார்கள். மிருக வைத்தியரின் அறிக்கை இல்லாமல் ஒன்றும் செய்ய முடியாது என்றார்கள். அவள் ஆடுகளை ஏற்கனவே புதைத்திருந்தாள்.

பிறகு பள்ளிவாசல் நிர்வாகத்தில் விசாரணை வைத்தார்கள். ஹுனைஸ் வெள்ளைச் சாரமும் தொப்பியுமாக வந்து இருந்தார். தான் எந்த ஆட்டுக்கும் நஞ்சு வைக்கவில்லை, வேண்டுமென்றால் குர்ஆனைத் தொட்டுச் சத்தியம் செய்கிறேன் என்றார். பெண்கள் பக்கமிருந்து ஸுஹைராதான் பதில் சொன்னாள்.

“சத்தியம் வேணாம். தொண்ணூறில எங்கட வாப்பாட்டயும் ஒருத்தன் சத்தியம் பண்ணித்தான் சொன்னான், நீங்க போயிட்டு வாங்க, மாடு கண்டெல்லாம் நான் பாத்துக்குறனெண்டு. சத்தியத்த நம்பி நம்பி எங்களுக்குப் போதும்.”

ஹுனைஸ் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தார். நிர்வாகத்தார் இருவரையும் பொறுமையாக இருக்கச் சொல்லி அனுப்பினார்கள்.

நாற்பது வீட்டுப் பெண்கள் அவ்வளவு பொறுமையாக இருக்கவில்லை. ஆட்டுக்கு நஞ்சு வைத்தவன் தோட்டத்தில் கூலிக்குப் போவதில்லை என்று, அங்கே களை பிடுங்கிவந்த எட்டுப் பேரும் நின்றுகொண்டார்கள். அதைத் தொடக்கிவைத்தவள் ஸுஹைராதான். களை பிடுங்க வேண்டிய சரியான நேரம் அது. ஹுனைஸும், சித்தி லெய்லா என்ற பெயருடைய அவர் மனைவியும் விடியலிலிருந்து குனிந்தார்கள். ஆனால் மூன்று ஏக்கர் தோட்டத்துக்கு நாலு கை எம்மட்டுக்கு? கோரைப்புல் வெங்காயத்தை மூடிக்கொண்டு எழும்பியது. ஸுஹைரா ஆடுகளோடு போகும்போதும் வரும்போதும் அதைப் பார்த்தாள். தகும் என்று நினைத்தாள். கூடவே உடம்பு முழுவதும் ஒரு சோர்வு அவளைப் பிடித்திருந்தது. சோற்றை வைத்துவிட்டுத் தின்ன மறந்து உட்கார்ந்திருப்பாள்.

வெள்ளைச்சி என்று அவள் கூப்பிடும் ஆடு சினையாக இருந்தது. இரண்டு குட்டி இருக்கும்போல் வயிறு பருத்து, நடக்க முடியாமல் மூச்சிரைத்தது. கிடாய் செத்த பிறகு அதை வெளியே விட அவளுக்கு மனம் வரவில்லை. வீட்டு முற்றத்து முருங்கை மரத்தில் கட்டிவைத்து, தானே ஹோட்டல் பக்கம் போய்க் கைநிறைய இலை வெட்டிவந்து போட்டாள். மூன்று நாள் அப்படிப் போட்டாள். நாலாம் நாள் காலை, வெயில் ஏறுகிறதே என்று நிழலுக்கு மாற்றிக் கட்ட இழுத்தாள். வெள்ளைச்சி முரண்டு பிடித்து ஒரு துள்ளுத் துள்ளியது. அடுத்த கணம் அவள் காலடியில் கிடந்தது.

சத்தம் கேட்டு வந்த பக்கத்து வீட்டு றஹ்மா, அவன் ராத்திரியில் வந்து ஏதோ போட்டிருக்கிறான் என்றாள். ஸுஹைரா அதற்குத் தலையாட்டவில்லை. ராத்திரி முழுக்க அவள் முற்றத்தில்தான் பாய் விரித்துப் படுத்திருந்தாள். யாரும் வரவில்லை என்று அவளுக்குத் தெரியும். வேலி இல்லை, தோட்டம் இல்லை, மருந்துத் தாங்கி இல்லை. இந்த ஆடு அவள் முற்றத்தில், அவள் பிடித்த கயிற்றில் செத்திருக்கிறது. வெகுநேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தவள், பிறகு போனை எடுத்து மிருக வைத்தியர் ஒஃபிஸுக்கு அடித்தாள்.

டொக்டர் நஜாத் பகல் பதினொரு மணிபோல் ஸ்கூட்டரில் வந்தார். முப்பது வயதிருக்கும், புத்தளம் நகரத்துப் பெண். வழியெல்லாம் மண் தின்று வந்த முகம். தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். நீல நிறக் கையுறையை மாட்டிக்கொண்டு முருங்கை மரத்தடியில் மண்டியிட்டு வேலையைத் தொடங்கினார். ஸுஹைரா முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. உள்ளே இரண்டு குட்டிகள் இருந்தன. இரண்டுக்கும் மயிர் முளைத்திருந்தது. டொக்டர் இருதயத்தை எடுத்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். இரைப்பையை அறுத்து, தின்றதை ஒரு பேசினில் கொட்டி, தண்ணீர் விட்டு அலசினார். மருந்து வாடை எதுவும் இல்லை என்றார். ஆனாலும் சோதனைக்குக் கொஞ்சம் எடுத்துப் போத்தலில் அடைத்தார். பிறகு பேசினிலிருந்து மெழுகு பூசியதுபோல் இருந்த இலைத் துண்டுகளைப் பொறுக்கி உள்ளங்கையில் வைத்து நீட்டினார்.

“ராத்தா, இது என்ன இலை?”

“அது ஹோட்டல் பூ. நான்தான் வெட்டிப் போட்டன்.”

“எத்தின நாளா?”

“மூணு நாள். அதுக்கு நடக்க ஏலாம இரிந்திச்சு.”

டொக்டர் இலைத் துண்டுகளைப் பேசின் விளிம்பில் வைத்தார். கையைக் கழுவிக்கொண்டு, அந்தக் கொடி நிற்கிற இடத்தைக் காட்டச் சொன்னார்.

வெயிலில் இருவரும் நடந்து போனார்கள். மதிலருகே போனதும் டொக்டர் ஒரு இலையை ஒடித்தார். காம்பிலிருந்து வெள்ளைப் பால் சொட்டியது. கையில் படாமல் பார்க்கச் சொன்னார், கண்ணில் பட்டால் பெரிய கரைச்சல் என்றார்.

குறிஞ்சாக் கொடியிலும் இப்படித்தானே பால் வரும் என்று ஸுஹைரா கேட்டாள். அதிலும் காய் சோடியாகத்தானே இருக்கும், அதை நாங்களே சுண்டித் தின்கிறோமே. அதன் சாதிதான் இதுவும் என்று அவள் நம்பியிருந்தாள்.

டொக்டருக்கு எரிச்சல் வரவில்லை. எல்லாரும் அப்படித்தான் நினைக்கிறார்கள் என்று சொல்லி ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டினார். குறிஞ்சா இலை மெல்லியது, வெற்றிலைபோல் அகன்றது, மினுக்கம் இல்லாதது. அதன் பூவோ பச்சை நிறத்தில் கொத்தாகச் சின்னதாக இருக்கும். இந்த இலை தடிப்பு, எண்ணெய் பூசியதுபோல் மினுங்கும். ஒரு கணுவில் எதிரும் புதிருமாக இரண்டு வரும். காயைப் பாருங்கள், எருமைக் கொம்பு மாதிரி இரண்டும் இரண்டு பக்கம் நீட்டிக்கொண்டு, விளிம்பு கட்டி, கல்லுப்போல் இருக்கிறது. காய்ந்து வெடித்தால் உள்ளே பஞ்சோடு விதை. இந்தக் காற்றுக்கு அது எங்கேயெல்லாம் போகும் என்று சொல்ல முடியாது.

“இதுக்கு ஊர்ப்பேர் ஒண்டும் இல்ல. றப்பர்க் கொடியெண்டு நாங்க படிச்சிருக்கம். மடகஸ்காரிலயிரிந்து பூவுக்காகக் கொண்டுவந்தது. இதிட நஞ்சு இருதயத்தத்தான் பிடிக்கும். திண்ட ஆடு சும்மா நிண்டா ஒண்டும் தெரியாது. ஓடினா, மிரண்டா, அப்பிடியே விழுந்திரும்.”

“மிரண்டா” என்று ஸுஹைரா திருப்பிச் சொன்னாள். காலையில் இங்கே மேய்ந்த ஆடுகள், மத்தியானம் வீடு திரும்பும் வழி, தோட்டத்து மூலை, நாய். இவ்வளவும் அவளுக்கு ஒரே நேரத்தில் விளங்கியது.

“அப்ப ஒருத்தரும் ஒண்டும் வைக்கல்ல?”

“இல்ல ராத்தா. ஒருத்தரும் வைக்கல்ல.”

நிம்மதி வரவேண்டிய இடம் அது. வரவில்லை. ஒருவர் மீது கோபமாக இருக்கும்வரை அவளுக்கு எழும்புவதற்கு ஒரு காரணம் இருந்தது. அதுவும் இப்போது கழன்று போய்விட்டது. தன் கையால் வெட்டி, தன் கையால் ஊட்டி, இரண்டு குட்டியோடு ஒரு ஆட்டைத் தானே கொன்றிருக்கிறாள். ஒன்றுமறியாத மனுஷனின் தோட்டத்தைப் புல் மூட வைத்திருக்கிறாள். டொக்டர் இன்னும் எதையோ சொல்லிக்கொண்டிருந்தார். காய் வெடிக்குமுன் பறித்துச் சாக்கில் கட்ட வேண்டும், அடியோடு வெட்டி வேரைக் கிளற வேண்டும், எரித்தால் புகையை மூக்கில் விடக்கூடாது, வெட்டிவிட்டால் செத்துவிட்டது என்று நினைக்கக்கூடாது, ஒரு வருஷமாவது திரும்பத் திரும்பப் பார்க்க வேண்டும் என்றெல்லாம். ஸுஹைரா ஓம், ஓம் என்றாள். மதில் நெடுகப் பூத்துக் கிடந்த அதன் நீளத்தைப் பார்க்கவே அவளுக்குக் கால் வலித்தது.

இரண்டு நாள் அவள் யாரிடமும் வாய் திறக்கவில்லை. மூன்றாம் நாள் ஃபைஸல் போன் எடுத்தபோது அவனிடம் மட்டும் சொன்னாள். பின்னால் கடல் இரைந்தது. ஊரில் கதை தானாக ஓயும், நீ போய்ச் சொன்னால் நாளைக்கு எங்கள் எல்லாரையும் பார்த்துச் சிரிப்பார்கள், பேசாமல் இரு என்றான். அவன் வைத்த பிறகு, பொலிசுக்குப் போகும்போது அவனிடம் கேட்டுக்கொண்டா போனேன் என்று நினைத்தாள்.

அடுத்த நாள் காலை பள்ளிவாசல் தலைவரிடம் போய் நடந்ததைச் சொன்னாள். வெள்ளிக்கிழமை எல்லாருக்கும் அறிவிக்கச் சொல்லிக் கேட்டாள். பொலிசில் முறைப்பாட்டையும் வாபஸ் வாங்கினாள். இரண்டும் அவள் பயந்த அளவுக்குக் கஷ்டமாக இல்லை. கஷ்டமானது மூன்றாவது. அதற்கு அவள் வெயில் சாயும்வரை காத்திருந்தாள்.

ஹுனைஸும் சித்தி லெய்லாவும் வெங்காயம் பிடுங்கிக்கொண்டிருந்தார்கள். கோரைப்புல்லை விலக்கி விலக்கித் தேடி எடுக்க வேண்டியிருந்தது. எடுத்தவையும் புளியங்கொட்டை பருமனுக்கு மேல் இல்லை. ஸுஹைரா வரம்பில் நின்றாள். நாய் குரைத்தது. ஹுனைஸ் அதை அதட்டிவிட்டு நிமிர்ந்தார். அவள் எப்போதும்போல அண்ணன் முறை வைத்தே அவரைக் கூப்பிட்டாள்.

“நானா, ஆடு செத்தது ஹோட்டல் பூவத் திண்டு. டொக்டர் வயித்த அறுத்துப் பாத்தா. நீங்க ஒண்டும் செய்யல்ல. நான்தான் பிழையாச் சொன்னன்.”

அவர் கையிலிருந்த வெங்காயப் பிடியை உதறி மண்ணைக் கொட்டினார்.

“அண்டைக்குப் பள்ளியில நான் சத்தியம் செய்யுறனெண்டு சொன்னன்” என்றார்.

“ஓம்.”

“நீங்க வேணாமெண்டீங்க.”

“ஓம் நானா.”

“தோட்டம் போனது போகட்டும். இன்னொருக்கா நடலாம். அந்தச் சொல்லத்தான் எனக்கு விழுங்க ஏலாம இரிக்கு.”

மாப்புத் தாங்க நானா என்றாள். அவர் தருகிறேன் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை, மறுபடி குனிந்துகொண்டார். மிச்ச வெங்காயத்தைத் தான் வந்து பிடுங்கித் தருவதாக அவள் சொன்னதற்கு, இனி என்ன கிடக்கிறது பிடுங்க என்று தரையைப் பார்த்தே சொன்னார். சித்தி லெய்லாதான் கிணற்றடிக்குப் போய் ஒரு கோப்பையில் தண்ணீர் கொண்டுவந்து அவள் கையில் கொடுத்தாள். ஸுஹைரா அதைக் குடித்துவிட்டு வீட்டுக்கு நடந்தாள்.

கொடி வெட்டத் தொடங்கிய முதல் நாள் பெண்கள் ஐந்து பேர் வந்தார்கள். ஹோட்டலின் பழைய காவலாளி செய்னுலாப்தீன் சங்கிலியைக் கழற்றிக் கேட்டைத் திறந்துவிட்டார். கொழும்பிலிருக்கும் முதலாளியிடம் போனில் கேட்டதாகவும், எதையும் உடைக்காமல் என்னவும் செய்யச் சொன்னதாகவும் சொன்னார். கையில் பொலித்தீன் பையைக் கட்டிக்கொண்டு முதலில் எட்டுகிற காய்களையெல்லாம் பறித்து உரச்சாக்கில் போட்டார்கள். தண்டைத் தரையோடு வெட்டினார்கள். மேலே ஏறியதை இழுக்காமல் மரத்திலேயே காயவிட்டார்கள். பிறகு அலவாங்கால் வேரைக் கிளறினார்கள். மேலே விரல் மொத்தத்தில் தெரிந்தது, கீழே தோண்டத் தோண்ட மணிக்கட்டுப் பருமனாகப் போனது. மத்தியானம்வரை நாலு அடிதான் எடுக்க முடிந்தது. இரண்டாம் நாள் றஹ்மாவின் கையில் பால் பட்டுக் கொப்பளித்தது. மூன்றாம் நாள் இரண்டு பேர் வந்தார்கள். அடுத்த கிழமை யாரும் வரவில்லை. அவளுக்கு அவர்கள் மீது வருத்தமும் இல்லை. அவரவர் வீட்டில் அவரவர் வேலை கிடந்தது.

அவள் மட்டும் போனாள். மிச்சமிருந்த எட்டு ஆடுகளையும் வீட்டில் கட்டிவைத்து, கிணற்றடிகளில் புல் அறுத்துப் போட்டுவிட்டு, காலை எட்டு மணிக்குப் போனால் பத்து மணிக்கு இடுப்பு நிமிராது. சில நாள் ஒரு வேரைக்கூட முழுதாக எடுக்காமல் திரும்பினாள். இது தவ்பாபோல ஏதாவது ஒரு பரிகாரமா, அல்லது செய்யாமல் இருக்கவும் முடியாததால் செய்வதா என்று அவள் யோசித்துப் பார்த்ததில்லை. யோசிக்கிற அளவுக்குத் தெம்பு மிஞ்சவில்லை.

பன்னிரண்டாம் நாளோ பதின்மூன்றாம் நாளோ, மதிலுக்கு அந்தப் பக்கம் கத்திச் சத்தம் கேட்டது. எட்டிப் பார்த்தாள். ஹுனைஸ். கொடி பற்றைக்குள்ளால் போய் அவருடைய கிணற்றடித் தென்னைகளில் ஏறியிருந்தது. அங்கிருந்து வெட்டிக்கொண்டே இங்குவரை வந்திருந்தார். அவள் கிளறிவைத்த குழிகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். முதல் கிழமை கிளறிய இடத்தில் விடுபட்ட வேர்த் துண்டிலிருந்து சிவந்த தளிர் இரண்டு எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தது.

“கிண்டிக் கிண்டி எத்தினய எடுப்பீங்க? பெரிய அடியெல்லாம் வெட்டின உடன புல்லுக்கு அடிக்கிற மருந்து பூசோணும். பால் காய முன்னம் பூசினாத்தான் உள்ளுக்கு இறங்கும். டொக்டர்ட்டயும் விவசாய ஒஃபிஸிலயும் கேட்டுட்டன்.”

சொல்லிவிட்டு அவர் ஒரு போத்தலையும் பெயின்ட் அடிக்கிற சின்னத் தூரிகையையும் மதிலுக்கு மேலால் நீட்டினார்.

“பிடிங்க. நீங்க பொலிசில குடுத்த போத்தலும் இதே சாதிதான்.”

அது பகிடியா, குத்தலா என்று அவளுக்குத் தெரியவில்லை. அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. அவள் போத்தலை வாங்கிக்கொண்டாள். அவர் வெட்டினார், அவள் வெட்டுவாயில் பூசினாள். மத்தியான ளுஹர் பாங்கு சொல்லும்வரை அப்படியே வேலை நடந்தது. போகும்போது அவர் நாளைக்கு வருவேன் என்றும் சொல்லவில்லை. மறுநாள் வந்தார். தொடர்ந்து ஒன்பது நாள் வந்தார். பிறகு அவருக்கு மிளகாய் நாற்று வேலை தொடங்கிவிட்டது. அதற்குள் மதிலடியில் இருந்த பெரிய அடிகள் முழுவதும் முடிந்திருந்தன. ஹோட்டல் கூரையில் கொடி காய்ந்து சருகாகித் தொங்கியது.

ஐப்பசிக் கடைசியில் மழை பிடித்தது. ஃபைஸல் திரும்பி வந்தான். இரண்டு நாள் அவளோடு வந்து வெட்டிக் கொடுத்துவிட்டு, அரசாங்கத்துக்கே இல்லாத கவலை உனக்கெதற்கு என்று கேட்டான். கேட்டாலும் காய் கட்டிய சாக்குகளை அவன்தான் குழி தோண்டி எரித்தான், காற்றுப் பக்கம் பார்த்து, எட்ட நின்று. மழை நின்ற நாலாம் நாள் அவள் போய்ப் பார்த்தபோது, ஈர மணலில் நூற்றுக்கணக்கில் முளைகள் நின்றன. இரண்டிரண்டு இலை. அந்த வயதிலேயே எண்ணெய் பூசிய மினுக்கம். அவற்றைக் கையால் பிடுங்கலாம், வேர் இன்னும் ஆழம் போகவில்லை. அவள் குந்தி உட்கார்ந்து பிடுங்கத் தொடங்கினாள். கிழமைக்கு ஒரு நாள் என்று வைத்துக்கொண்டாள். ஒரு கிழமை விட்டால் அடுத்த கிழமைக்கு இரண்டு நாள் வேலை ஆகிவிடும் என்பதையும் பட்டே தெரிந்துகொண்டாள்.

மழைக்காலப் பெரும்போக வெங்காயத்துக்குச் சித்தி லெய்லா ஆள் கூப்பிட்டாள். எட்டுப் பெண்களையும் கூப்பிட்டாள், ஸுஹைராவையும் சேர்த்துத்தான். ஹுனைஸ் வரம்பில் கண்டால் ஸலாம் சொல்வார். அவள் பதில் சொல்வாள். அதற்கு மேல் ஒன்றும் இல்லை. பள்ளிவாசலில் நடந்ததைப் பற்றி அவர் பிறகு ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை. அவர் மறந்துவிடவில்லை என்பது அவளுக்குத் தெரியும்.

தை மாதத்தில் ஒருநாள் மகளைப் பார்த்துவிட்டு பஸ்ஸிலிருந்து இறங்கி, கிறவல் ரோட்டு வழியாக வீட்டுக்கு நடந்தாள். காற்றாலைகளைத் தாண்டி, பள்ளிக்கூடத்து வளைவுக்கு வந்ததும் நின்றுவிட்டாள். மின்கம்பத்தின் இழுகம்பியில் ஒரு கொடி பாதி உயரத்துக்கு ஏறியிருந்தது. கிட்டப் போனாள். இலையைத் தொடாமல் பார்த்தாள். எதிரெதிராக, தடிப்பாக, மினுங்கிக்கொண்டு. ஹோட்டலிலிருந்து அந்த இடம் ஒரு கிலோமீற்றருக்குக் குறையாது. இன்னும் எத்தனை இடத்தில் ஏறியிருக்குமோ என்று நினைத்தாள். பையைக் கீழே வைத்துவிட்டு ரோட்டோரத்தில் உட்கார்ந்தாள். யாருடையவோ ஆடுகள் இரண்டு சற்றுத் தள்ளி மேய்ந்துகொண்டிருந்தன. ஒரு கல்லை எடுத்து எறிந்து அவற்றை விரட்டப் போனவள், எறியாமல் கையைத் தாழ்த்தினாள். எழும்பி மெதுவாக, அவை மிரளாதபடி, கையை விரித்து மறுபக்கம் சாய்த்துவிட்டு வந்தாள்.

பிறகு போனை எடுத்து ஹுனைஸுக்கு அடித்தாள். சித்தி லெய்லாவின் நம்பர்தான் அவளிடம் இருந்தது, எடுத்தது அவர். பள்ளிக்கூட ரோட்டிலும் இருக்கிறது என்றாள்.

அந்தப் பக்கம் ஒரு பெருமூச்சுக் கேட்டது.

“காய் இரிக்கா?”

“இரிக்கு. நாலு சோடி.”

“வெடிச்சிட்டா?”

“இல்ல. ஒண்டு காஞ்சு வருது.”

“அப்ப அதில கைய வைக்காதீங்க. நான் சாக்கோட வாறன், கொஞ்சம் நேரம் சொணங்கும், தண்ணி மோட்டர் ஓடுது.”

சரி என்றாள். கம்பத்துக்குப் பக்கத்திலிருந்த வேப்பமரத்து நிழலுக்குப் பையை இழுத்துக்கொண்டு போய், செருப்பைக் கழற்றி, காலை நீட்டி உட்கார்ந்தாள்.